ஏவலர் குடியில் எழுந்த அறிவுச்சுடர்: எச். ஜி. வெல்ஸ்

ஒரு மனிதனின் பெருமையை அவன் ஏறி நின்ற உயரத்தைக் கொண்டு அளப்பது உலக வழக்கம். ஆனால், அவன் எந்தப் படியிலிருந்து ஏறத் தொடங்கினான், ஏறும்போது அவனுக்குக் கை கொடுத்தவர் யார், ஏறிய பின்னர்க் கீழே நின்றவர்களை அவன் நினைத்தானா என்னும் மூன்று கேள்விகளையும் கேட்ட பிறகே அந்த அளவு முழுமை பெறும். இம்மூன்று கேள்விகளுக்கும் விடை தரும் வாழ்க்கை ஒன்றை நம் இளைஞர்கள் முன் வைக்க விரும்புகிறேன். அது அறிவியற் புனைகதையின் தந்தையருள் ஒருவர் என்று உலகம் போற்றும் ஹெர்பர்ட் ஜார்ஜ் வெல்ஸ் அவர்களின் வாழ்க்கை.

காலத்தைக் கடந்து செல்லும் இயந்திரம், கண்ணுக்குத் தெரியாத மனிதன், செவ்வாய்க் கோளிலிருந்து வந்திறங்கிய படை ஆகியவற்றைப் படங்களிலும் கதைகளிலும் கண்டு களிக்காதவர் இன்று எவரும் இலர். இக்கற்பனைகளுக்கெல்லாம் நிலையான உருவம் கொடுத்தவர் அரண்மனையில் பிறந்தவர் அல்லர். பிரபுக்களின் மாளிகையில் ஏவல் செய்த ஒரு தாயின் வயிற்றில் பிறந்தவர். துணிக்கடையில் துணி மடித்துக் கொண்டிருந்த சிறுவர். அவரை அந்தக் கடையிலிருந்து வெளியே கொண்டு வந்தது கல்வி ஒன்றே.

பிறப்பும் இளமையும்

இங்கிலாந்து நாட்டில், லண்டன் மாநகருக்கு அண்மையிலுள்ள பிராம்லி என்னும் ஊரில் 1866ஆம் ஆண்டு செப்டம்பர் 21ஆம் நாள் வெல்ஸ் பிறந்தார். தந்தையார் ஜோசப் வெல்ஸ் தோட்டக்காரராக இருந்தவர். கிரிக்கெட் ஆட்டத்தில் வல்லவர். 1862ஆம் ஆண்டில் கென்ட் அணிக்காகப் பந்து வீசி, தொடர்ந்து நான்கு பந்துகளில் நான்கு பேரை ஆட்டமிழக்கச் செய்த பெருமை அவருக்கு உண்டு. தாயார் சாரா, சசெக்ஸ் பகுதியிலுள்ள அப்பார்க் என்னும் மாளிகையில் பணிப்பெண்ணாக இருந்தவர்.

இருவரும் சேர்ந்து பீங்கான் பாத்திரங்களும் கிரிக்கெட் கருவிகளும் விற்கும் சிறு கடை ஒன்றை நடத்தினர். கடையில் வியாபாரம் குறைவு. தந்தையார் விளையாட்டினால் ஈட்டிய சிறு வருவாயே குடும்பத்தைத் தாங்கியது. கடையின் கீழே, தரைமட்டத்துக்குக் கீழ் அமைந்திருந்த இருண்ட சமையலறையிலேயே குடும்பத்தின் பகற்பொழுது கழிந்தது. தெருவில் நடப்போரின் காலணிகளை மட்டுமே அங்கிருந்து காணமுடியும். மேலே நடப்போரையும் கீழே வாழ்வோரையும் பற்றிய நினைவு அச்சிறுவரின் உள்ளத்தில் அப்போதே ஊன்றிவிட்டது எனலாம்.

ஏழெட்டு வயதில் அவருக்கு ஒரு விபத்து நேர்ந்தது. காலில் எலும்பு முறிந்து பல வாரங்கள் படுக்கையில் கிடந்தார். அந்தத் துன்பமே அவருக்கு ஒரு வாயிலைத் திறந்தது. தந்தையார் நூலகத்திலிருந்து புத்தகங்களைக் கொண்டு வந்து கொடுத்தார். பயண நூல்கள், விலங்குகளைப் பற்றிய நூல்கள், வரலாறுகள் எனக் கையில் கிடைத்தவற்றையெல்லாம் சிறுவர் படித்தார். எழுந்து நடக்கத் தொடங்கியபோது அவர் வேறு பிள்ளையாகிவிட்டார். வாசிக்கும் பழக்கம் ஒருமுறை பற்றிக்கொண்டால் பின்னர் விடுவதில்லை என்பதற்கு அவரது வாழ்நாள் முழுவதும் சான்றாகும்.

ஆயினும் வறுமை விடவில்லை. 1877இல் தந்தையார் கீழே விழுந்து தொடையெலும்பு முறிந்தது. அத்துடன் கிரிக்கெட் வருவாயும் நின்றது. 1880இல் தாயார் கணவரைப் பிரிந்து, தாம் முன்பு பணிபுரிந்த அப்பார்க் மாளிகைக்கே பணியாளர்களின் தலைவியாகத் திரும்பிச் சென்றார். அம்மாளிகையின் அமைப்பு கருதத்தக்கது. மேலே அழகிய கூடங்கள், ஓவியங்கள், நூலகம். கீழே நிலவறைகளில் பணியாளர்களின் இருப்பிடம். சமையலறையிலிருந்து மாளிகைக்கு உணவு கொண்டு செல்லப் பூமிக்கடியில் சுரங்க வழி இருந்தது. உழைப்பவர் நடமாடுவது உண்பவர் கண்ணில் படக்கூடாது என்பது அக்காலத்துப் பிரபுக்களின் எண்ணம். தாயைக் காணச் சென்றபோதெல்லாம் சிறுவர் வெல்ஸ் அச்சுரங்கங்களைக் கண்டார். மேலே இருந்த நூலகத்தின் பழம்புத்தகங்களையும் படித்தார். அவர் எழுதப்போகும் நூல்களின் இரு வேர்களும் அந்த ஒரு மாளிகையிலேயே இருந்தன.

துணிக்கடைச் சிறை

துணிக்கடையில் வேலை என்பது மதிப்பான பிழைப்பு என்று தாயார் நம்பினார். மூத்த பிள்ளைகள் இருவரையும் அத்தொழிலில் சேர்த்தது போலவே இளைய மகனையும் சேர்த்தார். விண்ட்சரில் ஒரு கடையில் சேர்ந்த வெல்ஸ், சில வாரங்களிலேயே வேலைக்கு ஆகாதவர் என்று அனுப்பப்பட்டார். பின்னர்ச் சிலகாலம் மிட்ஹர்ஸ்ட் என்னும் ஊரில் மருந்துக் கடையில் பழகினார். அத்தொழிலுக்கு லத்தீன் மொழி வேண்டியிருந்ததால், அவ்வூர் இலக்கணப் பள்ளியில் சிறிது காலம் அம்மொழி கற்றார். அவர் கற்ற வேகத்தைக் கண்டு தலைமையாசிரியர் ஹோரஸ் பையட் வியந்தார். ஆனால் மருந்துத் தொழில் பயிலுவதற்கான செலவு குடும்பத்தின் சக்திக்கு மிஞ்சியதாக இருந்தது.

எனவே 1881இல் சவுத்சீ என்னும் ஊரிலிருந்த பெரிய துணிக்கடையில் மீண்டும் தொழில் பழக விடப்பட்டார். ஒப்பந்தம் நான்கு ஆண்டுகளுக்கு. தாயார் தம் சேமிப்பிலிருந்து பெருந்தொகையை முன்பணமாகக் கட்டியிருந்தார். நாளொன்றுக்குப் பதின்மூன்று மணி நேர வேலை. பையன்களோடு பையன்களாகப் பொது அறையில் படுக்கை. துணியை மடிப்பதும் பிரிப்பதும் சுமப்பதுமாக இரண்டு ஆண்டுகள் கழிந்தன. தம் மனம் மெல்ல மெல்ல மரத்துப்போவதை அவர் உணர்ந்தார்.

1883ஆம் ஆண்டில் ஒரு ஞாயிற்றுக்கிழமை விடியற்காலையில் அவர் எவரிடமும் சொல்லாமல் கடையை விட்டுப் புறப்பட்டார். காலையுணவும் இன்றி 17 மைல் தொலைவு நடந்து அப்பார்க் சென்றடைந்தார். தேவாலயத்திலிருந்து திரும்பி வந்துகொண்டிருந்த தாயாரை வழியிலேயே கண்டு, இனி அக்கடையில் இருப்பதைவிட உயிரை மாய்த்துக்கொள்வதே மேல் என்று சொல்லிவிட்டார். அப்போது அவருக்கு வயது பதினாறு. தாயார் அழுதார், கட்டிய பணம் போய்விடுமே என்று தயங்கினார். எனினும் மகனின் உறுதி தளரவில்லை. அவர் பையட்டுக்குக் கடிதம் எழுதினார். தம் பள்ளியில் மாணவ ஆசிரியராக வந்து சேரலாம் என்று அந்த நல்லாசிரியர் பதில் அனுப்பினார். முதல் ஆண்டுக்கு 20 பவுன், அடுத்த ஆண்டுக்கு 40 பவுன் ஊதியம் என்றும் உறுதி கூறினார்.

ஓர் ஆசிரியரின் கடிதம் ஒரு வாழ்வைக் காத்தது. ஏழைப் பிள்ளைக்குக் கை கொடுக்கும் ஆசிரியர்களும் சங்கங்களும் தாம் செய்யும் பணியின் அளவைத் தாமே அறிவதில்லை. அன்று பையட் காப்பாற்றியது ஒரு கடைப் பையனை மட்டுமன்று. பின்னர் உலகமே படிக்கப்போகும் நூற்றுக்கு மேற்பட்ட நூல்களையும் அவர் காப்பாற்றினார்.

கல்வி திறந்த வாயில்

அக்காலத்தில் இங்கிலாந்து அரசு அறிவியற் கல்வியைப் பரப்ப விரும்பியது. மாலை வகுப்புகள் நடத்தி மாணவர்களைத் தேர்வில் வெற்றி பெறச் செய்யும் பள்ளிகளுக்கு அது மானியம் வழங்கியது. வெல்ஸ் பகலில் சிறுவர்களுக்குப் பாடம் சொன்னார். இரவில் பாடநூல்களைத் தாமே படித்துத் தேர்வுகளை எழுதினார். உடற்கூறு, தாவரவியல், புவியியல், வேதியியல் எனப் பல பாடங்களில் சிறப்பாகத் தேறினார். தேர்வு முடிவுகளைக் கண்ட அரசு, அறிவியல் ஆசிரியராகப் பயிற்சி பெறுவதற்குரிய உதவித்தொகையை அவருக்கு அளித்தது. 1884இல், தம் பதினெட்டாவது வயதில், லண்டன் சவுத் கென்சிங்டனிலிருந்த அறிவியற் கல்லூரியில் அவர் சேர்ந்தார். வாரத்துக்கு ஒரு கினி, அதாவது 21 ஷில்லிங் உதவித்தொகை. அது வயிற்றுக்குப் போதவில்லை. அறிவுக்குப் போதுமானதாக இருந்தது.

அங்கே உயிரியல் கற்பித்தவர் தாமஸ் ஹென்றி ஹக்ஸ்லி. டார்வினின் பரிணாமக் கொள்கையை மதவாதிகளின் எதிர்ப்புக்கிடையே துணிந்து பரப்பிய பேரறிஞர் அவர். உயிரினங்கள் யாவும் ஒரே மூலத்திலிருந்து கிளைத்தவை, மனிதனும் அவற்றில் ஒருவன் என்னும் உண்மையை வெல்ஸ் அவரிடம் கற்றார். ஹக்ஸ்லியின் வகுப்பில் அமர்ந்த அந்த ஓராண்டே தம் வாழ்வின் சிறந்த கல்வி என்று அவர் பிற்காலத்தில் கருதினார். மரபின் பெயராலும் மறையின் பெயராலும் சொல்லப்படுபவற்றைச் சான்று கேட்டே ஏற்க வேண்டும் என்னும் பண்பு அவருள் அங்கே நிலைபெற்றது.

ஆனால் அடுத்த ஆண்டுகளில் பிற பாடங்களில் அவரது மனம் ஊன்றவில்லை. விவாத மன்றத்திலும், தாம் நண்பர்களுடன் தொடங்கிய மாணவர் இதழிலும் காலத்தைச் செலவிட்டார். 1887இல் புவியமைப்பியல் தேர்வில் தோற்று, பட்டம் பெறாமலே வெளியேறினார். இதனை மறைக்க வேண்டியதில்லை. பெரியோர் தோற்றதே இல்லை என்று இளைஞர்களிடம் சொல்வது அவர்களுக்குச் செய்யும் தீங்காகும். தோல்விக்குப் பின் வெல்ஸ் என்ன செய்தார் என்பதே நாம் காண வேண்டியது.

வேல்ஸ் பகுதியில் ஒரு சிறு பள்ளியில் ஆசிரியரானார். அங்கே கால்பந்து ஆட்டத்தில் அடிபட்டுச் சிறுநீரகம் பழுதுபட்டது. நுரையீரலிலும் நோய் கண்டது. மரணத்தின் விளிம்பிலிருந்து மீண்டு லண்டன் திரும்பி, ஆசிரியப் பணி செய்துகொண்டே படித்து, 1890இல் லண்டன் பல்கலைக்கழகத்தின் பி.எஸ்ஸி. பட்டத்தை விலங்கியலில் பெற்றார். பின்னர்த் தபால் வழியே தேர்வுக்குப் படிப்போருக்குக் கற்பிக்கும் நிறுவனம் ஒன்றில் ஆசிரியராகப் பணியாற்றினார். அவரது முதல் நூல்களுள் ஒன்று 1893இல் வெளிவந்த உயிரியல் பாடநூல். அதே ஆண்டில் வாயிலிருந்து குருதி கொட்டும் அளவுக்கு நோய் முற்றியது. நின்று பாடம் சொல்ல உடல் இடங்கொடாததால் உட்கார்ந்து எழுதத் தொடங்கினார். இவ்வாறாகவே உலகம் ஓர் எழுத்தாளரைப் பெற்றது.

மேலுலகும் கீழுலகும்

1895இல் வெளிவந்த கால இயந்திரம் என்னும் நூல் அவரை ஒரே நாளில் புகழேணியில் ஏற்றியது. ஓர் ஆராய்ச்சியாளர் தாம் செய்த இயந்திரத்தில் ஏறி, கி.பி. 802701ஆம் ஆண்டுக்குச் செல்கிறார். அங்கே மனித இனம் இரண்டாகப் பிரிந்து கிடக்கிறது. தரைமேல் வாழ்பவர்கள் ஏலாய்கள், அழகும் மென்மையும் உடையவர்கள், எந்த வேலையும் செய்யாதவர்கள், அறிவும் மங்கியவர்கள். தரைக்கடியில் இருளில் வாழ்பவர்கள் மார்லாக்குகள். இயந்திரங்களை இயக்கி மேலே உள்ளோருக்கு உடையும் பிறவும் ஆக்கித் தருபவர்கள். இரவில் அவர்கள் மேலே வந்து ஏலாய்களைப் பிடித்துத் தின்கிறார்கள்.

சிறுவர்கள் இதனைப் பேய்க்கதை போலப் படிப்பர். ஆனால் அப்பார்க் மாளிகையின் சுரங்க வழியையும் பிராம்லி வீட்டின் நிலவறையையும் அறிந்தவர்களுக்கு இதன் பொருள் வெளிப்படை. உழைப்பவரை இருளில் தள்ளி, உண்பவர் ஒளியில் திளைக்கும் சமுதாயம் நெடுங்காலம் அவ்வாறே தொடருமானால் இரு சாராரும் மனிதத் தன்மையை இழப்பர். ஒடுக்கப்பட்டவன் மட்டுமன்றி ஒடுக்கியவனும் அழிகிறான். பிரிவினை இயற்கையன்று, மனிதர் செய்தது. திருத்தாவிடில் அதுவே பின்னர் இயற்கையாக உறைந்துவிடும் என்பதே அவர் விடுத்த எச்சரிக்கை.

தொடர்ந்து 1896இல் டாக்டர் மோரோவின் தீவு, 1897இல் கண்ணுக்குத் தெரியாத மனிதன், 1898இல் உலகங்களின் போர், 1901இல் சந்திரனில் முதல் மனிதர்கள் என நூல்கள் வரிசையாக வந்தன. மோரோ விலங்குகளை அறுத்து மனிதராக்க முயலும் கொடிய விஞ்ஞானி. கண்ணுக்குத் தெரியாமல் மறையும் கலையைக் கண்டறிந்த கிரிஃபின் அதனைத் தன் ஆதிக்கத்துக்கே பயன்படுத்த முனைந்து, இறுதியில் மக்களால் அடித்துக் கொல்லப்படுகிறான். அன்பும் நீதியும் இல்லாத அறிவு அழிவையே தரும் என்பதை இவ்விரு கதைகளும் உணர்த்துகின்றன.

உலகங்களின் போர் இன்னும் கூர்மையானது. செவ்வாயிலிருந்து வந்தவர்கள் தம் படைக்கலங்களால் இங்கிலாந்தைச் சுட்டெரிக்கின்றனர். உலகின் பெரும்பகுதியை ஆண்ட ஆங்கிலேயர் தம் நாட்டிலேயே அகதிகளாய் ஓடுகின்றனர். டாஸ்மேனியத் தீவின் பழங்குடி மக்களை ஐரோப்பியர் அழித்த கொடுமையை நூலின் தொடக்கத்திலேயே வெல்ஸ் நினைவூட்டுகிறார். நாம் பிறருக்குச் செய்ததை வேறொருவர் நமக்குச் செய்தால் எப்படி இருக்கும் என்று ஆளும் இனத்தை அவர் கேட்க வைத்தார். அப்படையை இறுதியில் வீழ்த்துவது எந்தப் பீரங்கியும் அன்று. கண்ணுக்குப் புலப்படாத நுண்ணுயிர்களே. 1938 அக்டோபர் 30ஆம் நாள் ஆர்சன் வெல்ஸ் என்னும் கலைஞர் இக்கதையை அமெரிக்க வானொலியில் நாடகமாக ஒலிபரப்பியபோது, அதனை உண்மைச் செய்தி என்று நம்பிக் கலங்கியவர்களும் உண்டு.

வருவதுரைத்த எழுத்து

இவருக்கு முன்பே பிரெஞ்சு எழுத்தாளர் ஜூல்ஸ் வெர்ன் விஞ்ஞானக் கதைகள் எழுதிப் புகழ் பெற்றிருந்தார். வெர்னின் கவனம் பெரும்பாலும் இயந்திரத்தின் மீதும் பயணத்தின் மீதும் சென்றது. வெல்ஸின் கவனமோ அந்த இயந்திரம் வந்தபின் மனித வாழ்வு என்னவாகும் என்பதன் மீது சென்றது. 1903இல் அவர் எழுதிய ஒரு சிறுகதையில் இரும்புக் கவசம் பூண்ட போர் வண்டிகள் வருகின்றன. 1916இல் முதல் உலகப் போரில் டாங்கிகள் உண்மையாகவே களம் புகுந்தன. 1908இல் வானூர்திகள் நகரங்களை அழிக்கும் போரைக் கற்பனை செய்தார். அதுவும் பின்னர் நடந்தேறியது.

1914இல் வெளிவந்த விடுவிக்கப்பட்ட உலகம் என்னும் புதினத்தில் அணுகுண்டு என்னும் சொல்லையே அவர் கையாண்டார். சாடி என்னும் விஞ்ஞானி ரேடியத்தைப் பற்றி எழுதிய நூலே அதற்கு அடிப்படை. 1932இல் இப்புதினத்தைப் படித்தவர்களுள் ஒருவர் ஹங்கேரியில் பிறந்த இயற்பியல் அறிஞர் லியோ சிலார்டு. அடுத்த ஆண்டிலேயே அணுவின் தொடர்வினை பற்றிய எண்ணம் அவருக்குத் தோன்றியது. அதற்கு அவர் காப்புரிமை கோரியபோது, அது தீயோர் கையில் சிக்கக்கூடாது என்று அஞ்சி, மறைவாக வைக்குமாறு பிரிட்டிஷ் கடற்படையிடம் ஒப்படைத்தார். அந்த அச்சத்திலும் வெல்ஸின் கதைக்குப் பங்கு உண்டு. 1945 ஆகஸ்ட் 6ஆம் நாள் ஹிரோஷிமாவில் குண்டு விழுந்தபோது, அதனை 31 ஆண்டுகளுக்கு முன்பே எழுதிய முதியவர் லண்டனில் உயிருடன் இருந்தார்.

அவர் விஞ்ஞானக் கதையோடு நின்றுவிடவில்லை. 1905இல் வெளிவந்த கிப்ஸ் என்னும் புதினத்தில் துணிக்கடைப் பையனின் வாழ்வையும், 1909இல் வந்த டோனோ பங்கேயில் அப்பார்க் மாளிகையின் நிழலில் வளரும் பணிப்பெண் மகனின் வாழ்வையும் தீட்டினார். தாம் பட்டதையே எழுதினார். தம் பிறப்பை மறைக்கவில்லை. ஃபேபியன் சோஷலிஸ்டுச் சங்கத்தில் சில ஆண்டுகள் இருந்தார். 1922, 1923 ஆண்டுகளில் தொழிற்கட்சியின் சார்பில் பாராளுமன்றத் தேர்தலில் நின்று தோற்றார். 1920இல் லெனினையும், 1934இல் ஸ்டாலினையும் அமெரிக்கக் குடியரசுத் தலைவர் ரூஸ்வெல்ட்டையும் நேரிற்கண்டு உரையாடினார்.

முதல் உலகப் போரின் அழிவைக் கண்டபின், ஒவ்வொரு நாடும் தன் மன்னர்களின் புகழை மட்டுமே பிள்ளைகளுக்குக் கற்பிப்பதுதான் போருக்குக் காரணங்களில் ஒன்று என்று அவர் கருதினார். எனவே மனித குலம் முழுமைக்கும் ஒரே வரலாற்றை எழுதத் துணிந்தார். 1919இல் தொடங்கிப் பகுதி பகுதியாக வெளிவந்த உலக வரலாற்றுச் சுருக்கம் லட்சக்கணக்கில் விற்பனையாயிற்று. அந்நூலில் கௌதம புத்தருக்கும் பேரரசர் அசோகருக்கும் அவர் அளித்த உயர்ந்த இடம் நம் கருத்துக்குரியது. வெற்றி பெற்ற பின் போரைத் துறந்த ஒரே மன்னர் என்று அசோகரை அவர் வியந்து போற்றினார். ஜவாஹர்லால் நேரு சிறையிலிருந்து தம் மகளுக்கு உலக வரலாற்றைக் கடிதங்களாக எழுதியபோது அவருக்குத் துணை நின்ற நூல்களுள் இதுவும் ஒன்று.

குறையும் திருத்தமும்

பெரியோரின் குறைகளை மறைத்து எழுதுவது வரலாறு ஆகாது. வெல்ஸின் இல்வாழ்க்கை குற்றமற்றது அன்று. மணமான பின்னும் பிற பெண்களோடு அவர் கொண்ட உறவுகள் பலருக்குத் துன்பம் தந்தன. அதனினும் பெரிய குறை ஒன்று உண்டு. 1901இல் அவர் எழுதிய எதிர்வு நோக்கு என்னும் நூலில், வருங்கால உலகின் திறனுக்கு ஈடுகொடுக்க இயலாத இனங்களும் நலிந்தோரும் மறைந்தே ஆகவேண்டும் என்னும் கொடிய கருத்தை எழுதினார். துணிக்கடையில் வேலைக்கு ஆகாதவர் என்று தள்ளப்பட்ட ஒருவர், தாம் மேலே ஏறிய சில ஆண்டுகளில் பிறரைத் தகுதியற்றவர் என்று சொல்லத் துணிந்தார். ஏறியவன் ஏணியை மறப்பது எத்துணை எளிது என்பதற்கு இதனினும் வேறு சான்று வேண்டா. அவரது நூலுக்கு அவரது வாழ்க்கையே மறுப்பு.

எனினும் அவர் அக்கருத்திலேயே நின்றுவிடவில்லை. 1905இல் எழுதிய புதிய இலட்சிய உலகம் என்னும் நூலில் இனவெறியைக் கண்டிக்க ஓர் இயலையே ஒதுக்கினார். 1906இல் அமெரிக்கா சென்றபோது, அடிமையாகப் பிறந்து கல்விப் பணியால் உயர்ந்த புக்கர் டி. வாஷிங்டனைச் சந்தித்தார். அவரது பெருமையை மதித்தார். ஆனால் கறுப்பரும் வெள்ளையரும் தனித்தனியே வாழ்ந்து முன்னேறலாம் என்னும் அவரது அமைதிவழியை வெல்ஸால் ஏற்க முடியவில்லை. அங்கு நிறத்தின் பெயரால் நடந்த இழிவுகளைத் தம் பயண நூலில் கடிந்தெழுதினார்.

மனித உரிமைக் குரல்

1933இல் ஜெர்மனியில் நாஜிகள் எரித்த நூல்களில் வெல்ஸின் நூல்களும் இருந்தன. உலக எழுத்தாளர் அமைப்பான பென் சங்கத்தின் தலைவராக இருந்த அவர், யூத எழுத்தாளர்களை விலக்கும் ஜெர்மானியக் கிளையோடு சமரசம் செய்யவில்லை. நாஜிகள் பிரிட்டனைக் கைப்பற்றினால் கைது செய்யப்பட வேண்டியோர் பட்டியலில் அவர் பெயரும் இருந்தது.

1939இல் இரண்டாம் உலகப் போர் மூண்டபோது, எதற்காகப் போரிடுகிறோம் என்பதை முதலில் தெளிவாகச் சொல்லுங்கள் என்று தம் நாட்டு அரசைக் கேட்டார். பத்திரிகையில் கடிதம் எழுதி, மனித உரிமைச் சாசனம் ஒன்றின் வரைவை வெளியிட்டார். சாங்கி பிரபுவின் தலைமையில் அறிஞர் குழு ஒன்று கூடி அதனைச் செப்பனிட்டது. 1940இல் மனிதனின் உரிமைகள் என்னும் சிறு நூலாக அது மலிவு விலையில் வெளிவந்தது. இனம், நிறம், சமயம் என்னும் வேறுபாடின்றி ஒவ்வொரு மனிதனுக்கும் உணவு, உறைவிடம், மருத்துவம், கல்வி, வேலை, காரணமின்றிச் சிறைப்படாத விடுதலை ஆகியவை உரிமை என்று அது முழங்கியது.

வெல்ஸ் இவ்வரைவைக் காந்தியடிகளுக்கும் அனுப்பினார். உரிமைகளைப் பட்டியலிடுவதால் பயன் இல்லை, கடமைகளிலிருந்து தொடங்குக என்று காந்தியடிகள் விடை அனுப்பினார். இக்கருத்து வேறுபாட்டை நம் இளைஞர்கள் தாமே சிந்திக்க வேண்டும். தலைமுறை தலைமுறையாகக் கடமைகள் மட்டுமே விதிக்கப்பட்டு, உரிமை என்னும் சொல்லே மறுக்கப்பட்ட மக்களுக்கு வெல்ஸின் பட்டியல் எவ்வளவு இன்றியமையாதது என்பது தெரியும். 1948 டிசம்பர் 10ஆம் நாள் ஐக்கிய நாடுகள் சபை உலக மனித உரிமைப் பிரகடனத்தை ஏற்றபோது, அதன் முன்னோடி வரைவுகளுள் ஒன்றாக வெல்ஸின் வரைவும் விளங்கியது. அந்த நாளைக் காண அவர் இல்லை.

1934இல், நீரிழிவு நோயால் தாமும் துன்புற்ற அவர், மருத்துவர் ஆர். டி. லாரன்சுடன் சேர்ந்து நீரிழிவு நோயாளர் சங்கம் ஒன்றை நிறுவினார். ஏழை நோயாளிக்கும் இன்சுலின் கிடைக்க வேண்டும் என்பது அதன் நோக்கங்களுள் ஒன்று. போர்க்காலத்தில் லண்டன் மீது குண்டுகள் பொழிந்தபோதும் தம் வீட்டை விட்டு அகல மறுத்தார். 1946 ஆகஸ்ட் 13ஆம் நாள், தம் எழுபத்தொன்பதாம் வயதில், அவ்வீட்டிலேயே காலமானார். அவரது சாம்பல் கடலில் தூவப்பட்டது.

நாம் பெறும் பாடம்

இளைஞர்களே! வெல்ஸின் வாழ்க்கையை நம் வாழ்க்கையோடு அப்படியே ஒப்பிட்டுவிட முடியாது. அவர் ஏழை, ஏவலர் மகன். ஆயினும் தேர்வில் வென்று கல்லூரி வாயிலில் நுழைந்தபின் அவரது பிறப்பைக் கேட்டு எவரும் தனியிடத்தில் அமர்த்தவில்லை. அவர் தொட்ட தண்ணீரை எவரும் தீட்டு என்று கொட்டவில்லை. வகுப்பு என்னும் சுவரில் ஒரு வாயில் இருந்தது. சாதி என்னும் சுவரிலோ அந்த வாயிலையும் நாமே உடைத்து அமைக்க வேண்டியிருந்தது. இவ்வேறுபாட்டை உணர்ந்துகொண்டே அவரிடமிருந்து கற்போம்.

முதலாவது, உதவித்தொகை என்பது பிச்சையன்று. வாரம் 21 ஷில்லிங்குக்கு இங்கிலாந்து பெற்ற பயனை எண்ணிப் பாருங்கள். ஒரு சமுதாயம் தன் பிள்ளையின் கல்விக்குச் செலவிடும் பணம் தானம் அன்று. அது அப்பிள்ளையின் உரிமை, சமுதாயத்தின் முதலீடு. இரண்டாவது, பாடநூலோடு நில்லாமல் கிடைத்த நூலையெல்லாம் படியுங்கள். கால் முறிந்த சிறுவனின் படுக்கையருகே வந்த நூலகப் புத்தகங்களே ஓர் உலக எழுத்தாளரை உருவாக்கின. மூன்றாவது, கனவு காண்பது வசதி படைத்தோரின் உரிமை மட்டுமன்று. வருங்காலம் எப்படி இருக்க வேண்டும் என்று கற்பனை செய்யும் பணியை மேலே இருப்பவர்களிடமே விட்டுவிட்டால், அவர்கள் படைக்கும் வருங்காலத்திலும் நம் இடம் நிலவறையாகவே இருக்கும். நிலவறையை அறிந்தவன் எழுதியதனால்தான் கால இயந்திரம் உண்மையைச் சொன்னது. நம் பிள்ளைகளும் அறிவியல் கற்று, கதைகள் எழுதி, நாளைய உலகத்தின் வரைபடத்தைத் தம் கையாலே தீட்டல் வேண்டும்.

இறுதியாக, ஏறியவர் திரும்பிப் பார்க்க வேண்டும். வெல்ஸ் அதனை ஒருகால் மறந்தார். பின்னர் நினைவு கூர்ந்தார். மறந்தபோது எழுதியவை அவருக்கு மாசு சேர்த்தன. நினைவு கூர்ந்தபோது எழுதியவை மனித குலத்துக்கு உரிமைச் சாசனத்தின் வித்தாயின. நம் கல்விச் சங்கம் இருபத்தைந்து ஆண்டுகளைக் கடந்து வெள்ளி விழாக் காணும் இவ்வேளையில், இச்சங்கத்தின் துணையால் படித்து உயர்ந்த ஒவ்வொருவரும் மிட்ஹர்ஸ்ட் ஆசிரியரின் கடிதத்தை எண்ணிப் பார்க்க வேண்டும். எங்கோ ஓரிடத்தில், பள்ளியை விட்டு நிறுத்தப்பட்ட ஒரு பிள்ளை கடையிலோ களத்திலோ வேலை செய்தபடி அப்படி ஒரு கடிதத்துக்காகக் காத்திருக்கிறது. அதனை எழுத வேண்டிய கை நம்முடையதே.